செதில் உதிராத பழம்

அக்டோபர் மாதம் ஒன்பதாம் நாள், வியாழக்கிழமை. காலையில் தூறல், நண்பகலில் வெயில். பிற்பகலிலோ இரண்டும் ஒருசேர வந்து, தங்கும் உரிமை யாருக்கு என்று தங்களுக்குள் வழக்காடிக்கொண்டிருந்தன.

அத்தகைய பிற்பகலில்தான் ரேடியோ என்பவன் அந்நகரின் மிகப் பெரிய வழக்கறிஞருடைய வீட்டு வாயிலில் வந்து நின்றான். ரேடியோ என்பது பெற்றோர் இட்ட பெயரன்று. உறங்கும் நேரம் நீங்கலாக எந்நேரமும் அவன் ஒலிபரப்பிக்கொண்டே இருந்தமையால் நண்பர்கள் இட்ட பெயர். அவனுக்கு முன்னே குடையை மடக்கிக்கொண்டு நின்றவர் அவனுடைய முதலாளியாகிய துப்பறியும் அம்மையார். அவரோ பேச்சை உப்பைப் போல் அளந்து இடுபவர்.

"ரேடியோ, உள்ளே போனா நீ யாரு?"

"உங்க உதவியாளன், மேடம்."

"வேற?"

"வேற யாருமில்ல. அக்கா தங்கச்சி இல்லாத அனாதை."

"நல்லது. அந்த முகத்தை அப்படியே வெச்சுக்கோ."

அவ்வீட்டின் சமையற்காரி அவனுடைய உடன்பிறந்த அக்கா ஆவாள். காலையில் ஒரே வீட்டிலிருந்து இரண்டு தொலைபேசி அழைப்புகள் வந்திருந்தன. முதலாவது அழுகை. "தம்பி, ஐயாவோட வாயெல்லாம் வெந்து போச்சுடா! நான்தான் சாப்பாட்டுல என்னமோ கலந்துட்டேன்னு சொல்றாங்கடா!" என்று அக்கா கதறினாள். இரண்டாவது ஆணை. வழக்கறிஞரின் குமாஸ்தா அம்மையாரை அழைத்து, சமையற்காரிக்கு எதிராக ஆதாரம் தேடித் தருமாறு கேட்டுக்கொண்டார். மாலை ஐந்து மணிக்கு இன்ஸ்பெக்டர் வருவார். ஆதாரம் இருந்தால் அக்காவைக் கையோடு அழைத்துச் செல்வார்.

அம்மையார் இரண்டாவது அழைப்புக்கு உடன்பட்டபோது ரேடியோ துடித்துப்போனான்.

"எங்க அக்காவுக்கு எதிரா நாமளே ஆதாரம் தேடணுமா மேடம்?"

"தேடத்தான் சொன்னாரு. அது யாருக்கு எதிரா நிக்கும்னு அதுக்குத்தான் தெரியும்."

அவர் குடையை எடுத்துக்கொண்டு புறப்பட்டார். உப்பு முடிந்துவிட்டது.

வழக்கறிஞர் தம் அலுவலறையில் நீண்ட இருக்கை ஒன்றில் சாய்ந்திருந்தார். தேனீக்கள் மாநாடு நடத்திச் சென்றாற்போல் உதடுகள் தடித்திருந்தன. தொண்டையில் பனிக்கட்டிப் பை. உடலில் வீட்டில் அணியும் பட்டு அங்கி. சுவர் முழுதும் அவர் மேடைகளிலும் மன்றங்களிலும் முழங்கும் புகைப்படங்கள். அனைத்திலும் வாய் திறந்தே இருந்தது. மூடிய வாயுடன் அவரைக் காண்பது உலகுக்கே இதுதான் முதல் முறை போலும்.

அவர் மடியில் ஒரு சிலேட்டுப் பலகை இருந்தது. அதில் எழுதிக் காட்டினார்.

'சமையல்காரி. நேற்று சபித்தாள். இன்று செய்தாள்.'

அருகில் அவருடைய மனைவி நின்றுகொண்டிருந்தார். மெலிந்த உருவம், நகக்கண்களில் தோட்டத்து மண்.

"டாக்டர் வந்து பார்த்தாரு. நாக்குலயும் தொண்டையிலயும் ஆயிரம் ஊசி குத்தின மாதிரி இருக்குன்னு சொன்னாரு. உயிருக்கு ஒண்ணுமில்லையாம். ஆனா குரல் திரும்பி வர்றதுக்கு..."

டொக்! வழக்கறிஞர் சுண்ணக்கட்டியால் சிலேட்டைத் தட்டினார். மனைவியின் வாக்கியம் பாதியிலேயே நின்றது. குரல் இருந்த காலத்தில் இதை அவர் குரலாலேயே செய்திருப்பார் என்பதை ரேடியோ உணர்ந்தான்.

'இன்று மாலை எனக்குப் பாராட்டு விழா,' என்று அவர் எழுதினார். 'என் பேச்சைக் கேட்க ஊரே வருகிறது. அவளைச் சிறையில் பார்க்காமல் உறங்க மாட்டேன்.'

ரேடியோவின் கைவிரல்கள் சட்டைப்பைக்குள் முஷ்டியாக மடங்கின. 'உனக்கு இருக்குய்யா ஒரு நாள்' என்று மனத்துக்குள் கறுவிக்கொண்டு, முகத்தில் அனாதைக்குரிய சாந்தத்தை வரவழைத்துக்கொண்டான்.

சமையலறையில் அக்கா அடுப்புமேடையைத் துடைத்துக்கொண்டிருந்தாள். முன்னமே துடைத்த இடத்தை மீண்டும் துடைத்தாள். தம்பியைக் கண்டதும் கண் கலங்கிற்று; கதவருகில் குமாஸ்தா நிற்பதைக் கண்டதும் கலக்கம் வற்றிற்று.

"யாரு சார் நீங்க?"

"மேடத்தோட உதவியாளன், பெரியம்மா."

"பெரியம்மாவா?" என்றாள் அக்கா, பற்களுக்கிடையில். "இரு, வீட்டுக்கு வா, உனக்கு வெச்சிருக்கேன்."

அம்மையார் குமாஸ்தாவைத் தேயிலை வாங்கிவருமாறு அனுப்பிவிட்டுக் கதவைச் சாத்தினார்.

"ஐயாவை என்னன்னு திட்டினீங்க?"

அக்கா தலையைக் குனிந்துகொண்டாள். "நேத்து ராத்திரி சாப்பாட்டு மேசையில ஐயா இன்னிக்குப் பேசப்போற பேச்சை ஒத்திகை பார்த்தாரு. யாரோ ஒரு மனுஷன் திக்கித் திக்கிப் பேசுறதை நடிச்சுக் காட்டிச் சிரிச்சாரு. எனக்குப் பொறுக்கல மேடம். 'அடுத்தவன் குறையை நக்கலடிக்கிற வாய் வெந்து போகும்'னு சொல்லிட்டேன். வெந்தே போச்சு! எனக்கு இவ்வளவு சக்தி இருக்கும்னு தெரிஞ்சிருந்தா, இந்தத் தடியனுக்கு நல்ல வேலை கிடைக்கணும்னு வேண்டியிருப்பேன்."

தடியன் இருமினான்.

"காலையில அவர் என்ன சாப்பிட்டாரு?"

"ரொட்டியும் முட்டையும். அப்புறம் பழம். நடுமுற்றத்துல ஒரு கொடி இருக்கில்ல, இலையெல்லாம் ஓட்டை ஓட்டையா? அதோட பழம்."

ரேடியோ வியந்தான். "அது அழகுக்கு வைக்கிற செடியாச்சே! ஓட்டல் வாசல்லயும் பல் டாக்டர் கிளினிக்லயும் நிக்குமே. அதைப் போய்ச் சாப்பிடுவாங்களா?"

"இந்த வீட்டுல சாப்பிடுவாங்க. அம்மா தோட்டத்துல அழகுக்கு நிக்கிற எதுவும் சும்மா நிக்காது. ரோஜா உதிர்ந்ததும் அதோட காயை எடுத்து, உள்ளே இருக்கிற சுணையை வழிச்சுப் போட்டுப் பாகு காய்ச்சுவாங்க. வேலியில இருக்கிற சிவப்புப் பழத்துல ஜாம் செய்வாங்க. இந்தக் கொடிப் பழம் எப்படி இருக்கும் தெரியுமா? சோளக்கதிர் நீளம். மேலே பூரா ஆமை ஓடு மாதிரி பச்சைச் செதில். அறுத்ததும் தின்னக் கூடாது. தாளைச் சுத்தி உயரமான தம்ளர்ல நிக்க வெச்சிடணும். அடியிலேர்ந்து கொஞ்சம் கொஞ்சமாப் பழுக்கும். பழுத்த இடத்துச் செதில் தானா உதிரும். உதிர்ந்த அளவுக்கு மட்டும் அன்னிக்குத் தின்னலாம். அன்னாசியும் வாழையும் கல்யாணம் கட்டின மாதிரி ருசி!"

"உதிராத இடத்தைத் தின்னா?"

"அம்மா அதைத் தொடவே விட மாட்டாங்க. ஏன்னு எனக்குத் தெரியாது."

"நீங்க எவ்வளவு எடுத்தீங்க?"

"உதிர்ந்தது ஒரு கையகலம் இருந்துச்சு. கரண்டியால வழிச்சுக் கிண்ணத்துல போட்டு, பாலாடை ஊத்தி, மேசையில வெச்சேன். அப்புறம் வாழ்த்துச் சொல்ல ஆளுங்க மாலையும் கையுமா வந்துட்டே இருந்தாங்க. வாசலுக்கும் அடுப்புக்கும் பம்பரமாச் சுத்தினேன்."

"கத்தி வெச்சு நறுக்கலையா?"

"கத்தி எங்கே இருக்கு மேடம்? எல்லாம் நேத்தே சாணைக்குப் போச்சு. அதனாலதான் ரொட்டியும் முட்டையும்."

"மீதிப் பழம்?"

அக்கா சன்னலோரத்தைச் சுட்டினாள். "தம்ளர்ல நின்னுச்சு. இப்போ தம்ளர் மட்டும்தான் நிக்குது."

கொல்லையில், தோட்டக் குப்பையை மக்கவிடும் குழி ஒன்றிருந்தது. அம்மையார் குனிந்து, குடைக்காம்பால் இலைகளைப் புரட்டினார். அடியில் பச்சைச் செதில்கள் சிதறிக்கிடந்தன. அவற்றைப் பொறுக்கிக் குடைத்துணியின் மீது இரு குவியலாகப் பிரித்தார்.

"என்ன தெரியுது?"

"தாயக்கட்டம் ஆடத் தோதான காய்கள், மேடம்."

"ஒழுங்காப் பாரு."

ரேடியோ ஒழுங்காகப் பார்த்தான். முதற்குவியலின் செதில்கள் முழு அறுகோணங்கள். உட்புறம் வழுவழுப்பாய், சுத்தமாய் இருந்தது. இரண்டாம் குவியலிலோ செதில்கள் குறுக்கே வெட்டுண்டிருந்தன. ஒவ்வொன்றின் அடியிலும் வெள்ளைச் சதை ஒட்டியிருந்தது.

"இது தானா உதிர்ந்தது. இது யாரோ சீவினது," என்றான்.

"உதிர்ந்ததுக்குக் கரண்டி போதும். சீவுறதுக்கு?"

"கத்தி வேணும்! வீட்டுலதான் கத்தியே இல்லையே!" அவன் உற்சாகம் எல்லை மீறிற்று. "ஆனா மேடம், அந்தப் பச்சைச் சதைதான் வாயை இப்படிப் பண்ணுச்சுன்னு எப்படித் தெரியும்?" என்று வினவியவன், விடைக்குக் காத்திராமல், சீவப்பட்ட செதிலில் ஒட்டியிருந்த சதையை நாக்கின் நுனியால் ஒருமுறை தீண்டினான்.

சிறிது நேரம் ஒன்றும் நிகழவில்லை. பிறகு, கருணைக்கிழங்கைப் பச்சையாய்க் கடித்தவனைப் போல் அவன் குதித்தான். நாக்கில் ஊசிகள் இறங்கின. காறல் தொண்டை வரை ஏறிற்று. கொல்லைக் குழாயைத் திறந்து வாயைக் கொப்பளித்தான். கொப்பளிக்கக் கொப்பளிக்க நாக்கு தடித்தது.

"மே... மேழம்! நாக்கு! எழியுது!"

"ஆதாரம் கிடைச்சுது," என்றார் அம்மையார். "ரேடியோ நின்னதும் தோட்டம் எவ்வளவு அமைதியா இருக்கு, பாரு."

அந்நேரம் கொல்லைக் கதவில் மணி ஒலித்தது. சாணைக்காரர் கத்திகளைத் துணியில் சுற்றிக் கொண்டுவந்திருந்தார். அம்மையார் அவற்றை ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"வீட்டுல இருக்கிற எல்லாமே வந்துதா?"

"கத்திரிக்கோல், அரிவாள்மணை, ஐயா கடிதம் பிரிக்கிற கத்தி வரைக்கும் குடுத்தாங்க. வழக்கமா முதல்ல வர்றது மட்டும் இந்தத் தடவை வரல."

"எது?"

"அம்மா செடிக்கு ஒட்டுக் கட்டுற சின்ன மடக்குக் கத்தி. 'காலையில ஒரு வேலை இருக்கு, அடுத்த தடவை பார்த்துக்கலாம்'னு சொல்லிட்டாங்க."

அம்மையார் தலையசைத்தார். ரேடியோவோ தடித்த நாக்கைப் பற்களுக்குள் அடக்கிக்கொண்டு, நீர் வழியும் கண்களால் நடுமுற்றத்துக் கொடியை வெறித்தான். அம்மாவா? அக்கா வாய்க்கு வாய் 'அம்மா, அம்மா' என்று சொன்ன அந்த அம்மாவா?

அலுவலறைக்கு மீண்டதும் வழக்கறிஞர் சிலேட்டை நிமிர்த்தினார். 'கிடைத்ததா?'

"தே... தேழிக்கிட்டு இருக்கோம், ஐயா," என்றான் ரேடியோ. நாக்கு ஒத்துழைக்கவில்லை. "இ... இன்னும் கொ... கொஞ்சம்..."

வழக்கறிஞரின் தோள்கள் குலுங்கின. தடித்த உதடுகள் கோணின. ஒலியே எழாமல் அவர் சிரித்தார். அத்தனை வேதனையிலும் அம்மனிதரால் பிறரின் தடுமாற்றத்தைக் கண்டு சிரிக்க முடிந்தது! பின்னர்த் தம் வாயை ரேடியோவின் வாயைப் போலவே கோணலாக அசைத்து, அப்படியே நடித்தும் காட்டினார்.

ரேடியோவின் காது மடல்கள் சூடேறின. வாழ்நாள் முழுவதும் பிறரைச் சிரிக்க வைத்தவன் அவன். சிரிக்கப்படுவது இதுவே முதல் முறை. அந்த வெற்றுத் தொண்டைக்குள் குழியில் கிடந்த செதில்கள் அனைத்தையும் திணிக்க வேண்டும் என்று தோன்றிற்று.

ஆனால் அம்மையார் வழக்கறிஞரைப் பார்க்கவில்லை. அவர் மனைவியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பெண்மணியின் முகம் வெளுத்தது. உதட்டைக் கடித்துக்கொண்டு அறையை விட்டு வெளியேறினார்.

நடுமுற்றத்தில் தூறல் விட்டிருந்தது. மனைவி கொடியின் பெரிய இலையொன்றைத் துடைத்தவாறு நின்றார். அம்மையார் அருகில் சென்றார். ரேடியோ பின்னால் நின்றான்.

"தோட்டத்துப் பழங்களை எல்லாம் எப்படி அம்மா பழகினீங்க?"

"பார்த்துப் பார்த்துத்தான். அழகுக்கு வைக்கிறதுல சிலது நமக்கு, சிலது பறவைக்கு, சிலது யாருக்கும் இல்ல. அவசரப்படுறவங்களுக்கு எதுவுமே இல்ல." செடியைப் பற்றிப் பேசுகையில் அவர் குரலில் உயிர் வந்தது. "இப்போ தொடலாம்னு பழமே சொல்லும். அது சொல்ற வரைக்கும் காத்திருக்கணும்."

"உங்க மடக்குக் கத்தி எங்கே?"

உயிர் அணைந்தது. "காணோம்."

"காலையில இருந்துதா?"

மனைவி அலுவலறைக் கதவை ஒருமுறை திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வையில் அச்சம் இருந்தது. ஆனால் குற்றம் வெளிப்பட்டுவிடுமோ என்று அஞ்சுபவர் துப்பறிபவரை அல்லவா பார்ப்பார்? இவர் கணவர் இருந்த திசையைப் பார்த்தார்.

"புரிஞ்சுது," என்றார் அம்மையார்.

"எழக்குப் புழியல," என்றான் ரேடியோ.

ஐந்து மணிக்குச் சொன்ன சொல் தவறாமல் இன்ஸ்பெக்டர் வந்தார். மீசையைக் கைக்குட்டையால் ஒற்றிக்கொண்டு அலுவலறையில் அமர்ந்தார். அக்காவும் அழைக்கப்பட்டாள். மனைவி சுவரோரம் நின்றார். ரேடியோவுக்கு நாக்கின் தடிப்பு சற்றே தணிந்திருந்தது. நெஞ்சின் தடிப்பு தணியவில்லை.

"என்ன மேடம், கேஸ் முடிஞ்சுதா? ஆளை ஏத்திடலாமா?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"முடிஞ்சுது," என்றார் அம்மையார். "வாயைப் புண்ணாக்கினது விஷமில்லை. இந்த வீட்டுக் கொடியோட பழுக்காத பழம். பழுத்த சதையோட அதைச் சீவிக் கலந்திருக்காங்க. பாலாடை மூடிடுச்சு, ஐயாவும் பேச்சு ஒத்திகை பார்த்துக்கிட்டே பார்க்காம விழுங்கியிருக்காரு. சீவின கத்தி அம்மாவோட மடக்குக் கத்தி." இங்கே அவர் சற்று நிறுத்தினார். "அந்தக் கத்தி இப்போ சமையல்காரம்மாவோட துணிப்பையில கிடைச்சுது."

"ஐயோ!" என்று அலறினாள் அக்கா. "என் பையிலயா? சத்தியமா இல்ல!"

ரேடியோவின் தலையில் இடி விழுந்தது. "மேடம்! நீங்களுமா?"

ஆனால் அம்மையாரின் கண்கள் வேறோரிடத்தில் நிலைத்திருந்தன. ரேடியோவும் அங்கே நோக்கினான்.

வழக்கறிஞர் மகிழ்ந்திருக்க வேண்டும். அவர் கேட்ட ஆதாரம் கேட்டபடியே கிடைத்துவிட்டதே! ஆயினும் அவர் புருவம் நெரிந்தது. வலக்கை சுண்ணக்கட்டியைக் கீழே போட்டுவிட்டுத் தம் பட்டு அங்கியின் பையைத் தடவிப் பார்த்தது. தடவியபின் அவர் முகம் அமைதியுற்றது. பிறகுதான் தம் கையையே அறையிலுள்ள அனைவரும் பார்ப்பதை அவர் கண்டார்.

"ரேடியோ, ஐயாவுக்கு உதவி செய்," என்றார் அம்மையார்.

பாய்ந்தான் ரேடியோ. வழக்கறிஞர் பையை இறுகப் பற்றினார். ரேடியோ அவர் மணிக்கட்டை அதைவிட இறுகப் பற்றினான். மறுகணம் சிறிய மடக்குக் கத்தி ஒன்று மேசைமீது விழுந்தது. அதன் அலகில் உலர்ந்த பச்சைப் பால் படிந்திருந்தது.

"துணிப்பையில கிடைச்சுதுன்னு சொன்னது பொய்," என்றார் அம்மையார். "அதைக் கேட்டதும் தன் பையைத் தடவிப் பார்க்க, கத்தியை வெச்சிருக்கிறவருக்கு மட்டும்தான் தோணும்."

இன்ஸ்பெக்டர் எழுந்தேவிட்டார். "ஐயா! உங்க வாயை நீங்களேவா புண்ணாக்கிக்கிட்டீங்க?"

வழக்கறிஞர் தலையை ஆட்டி மறுத்து, சிலேட்டில் ஏதோ கிறுக்கத் தொடங்கினார். கிறுக்கி முடியவில்லை. சுவரோரம் நின்ற மனைவி முன்னே வந்து, சிலேட்டைத் தம் உள்ளங்கையால் ஒரே வழிப்பில் அழித்தார்.

"நான்தான் செஞ்சேன்," என்றார்.

வழக்கறிஞர் சிலேட்டைத் தட்டினார். டொக்! டொக்! மனைவி நிறுத்தவில்லை.

"என் தம்பிக்குச் சின்ன வயசுலேர்ந்து பேச்சு திக்கும். ஒரு வழக்குல சாட்சி சொல்ல வந்தான். எதிர்த்தரப்பு வக்கீல் இவர். அவன் கூண்டுல ஏறி, 'நா... நா... நான் பார்த்தேன்'னு ஆரம்பிச்சான். இவரும், 'நா... நா... நான் கேக்குறேன், சொ... சொல்லுங்க'ன்னாரு. கோர்ட்டே சிரிச்சுது. அன்னிக்கு மூடின வாயை என் தம்பி வெளியாளுங்க முன்னாடி இன்னும் திறக்கல. பேச வேண்டாத வேலையாத் தேடி, சரக்குக் கிடங்குல காவலுக்குப் போயிட்டான்."

டொக்! டொக்! டொக்!

"இவருக்கு அது விருந்துக் கதை. யாரு வந்தாலும் நடிச்சுக் காட்டுவாரு. நான் பரிமாறிக்கிட்டே கேட்பேன். இன்னிக்கு விழாவுல அதைச் சொல்லப்போறாரு. முன்வரிசையில என் தம்பிக்கு நாற்காலி போடச் சொல்லியிருக்காரு. 'அவனும் கொஞ்சம் சிரிக்கட்டுமே'ன்னாரு. வேண்டாம்னு கெஞ்சினேன். இந்தச் சமையல்காரம்மா ஒருத்திதான் எனக்காக வாயைத் திறந்தா. ராத்திரி முழுக்க யோசிச்சேன். எந்த வாய் அவனைக் கெடுத்துதோ, அந்த வாயே பதில் சொல்லட்டும்னு முடிவு பண்ணினேன். எனக்கு ஒரு துளியும் வருத்தமில்ல."

"அப்போ கத்தி இவர் பையில எப்படி வந்துது?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"வாய் எரிஞ்சதுமே இவருக்குப் புரிஞ்சுடுச்சு. என் கூடையிலேர்ந்து கத்தியையும் மீதிப் பழத்தையும் எடுத்துக்கிட்டாரு. சிலேட்டுல எழுதிக் காட்டினாரு: 'கத்தி என்னிடம். இனி ஆயுளுக்கும் நீ வாய் திறக்காதே. திட்டியவள் போகட்டும்.'"

"இவர் உங்களைக் காப்பாத்தல, கட்டிப் போட்டாரு," என்றார் அம்மையார். "சாபம் விட்டவங்களையும் அதே கயித்துல பழிவாங்கிட்டாரு."

அக்கா மெல்ல நிமிர்ந்தாள். "அம்மா, உங்களுக்காகத்தானே நான் திட்டினேன்? என்னைக் கூட்டிட்டுப் போக வண்டி வந்து நிக்கிற வரைக்கும் சும்மா இருந்தீங்களே?"

"விழா முடியட்டும், நாளைக்குச் சொல்லிடலாம்னு..."

"நாளைக்கு வரைக்கும் லாக்கப்ல யாரு உட்கார்ந்திருப்பா?" என்று வெடித்தான் ரேடியோ. "எங்க அக்கா!"

அந்தச் சொல்லைக் கேட்டதும் வழக்கறிஞரின் கண்கள் அவன்மீது திரும்பின.

"ஆமாய்யா, என் அக்காதான். நல்லாப் பாருங்க. மூக்கு ஒண்ணுபோலவே இருக்கும்."

மனைவி அக்காவை நோக்கிக் கைகூப்பினார். அக்கா அந்தக் கைகளைப் பார்த்தாள், ஆனால் பற்றவில்லை.

"காயைக் காத்திருந்து பழுக்க வைக்கத் தெரிஞ்ச உங்களுக்கு," என்றாள் அவள், "என்னை மட்டும் பச்சையாச் சீவ மனசு வந்துதே அம்மா."

இன்ஸ்பெக்டர் தொண்டையைக் கனைத்துக்கொண்டு வழக்கறிஞரிடம் திரும்பினார். "சொல்லுங்க ஐயா. மன்னிக்கணும், எழுதுங்க. உங்க சம்சாரம் மேல புகார் தர்றீங்களா?"

வழக்கறிஞர் சுண்ணக்கட்டியைப் பற்றினார். கண்களில் பழி கொழுந்துவிட்டு எரிந்தது. முதல் எழுத்தைப் போட்டும் விட்டார். அப்பொழுது ரேடியோ குனிந்து, அவர் காதருகே மிகப் பணிவாகப் பேசினான்.

"எழுதுங்க ஐயா. கேஸ் கோர்ட்டுக்கு வரட்டும். அம்மா கூண்டுல ஏறி இந்தக் கதையை முழுசாச் சொல்லட்டும். அப்புறம் பாதிக்கப்பட்டவர்னு நீங்க ஏறணும். இதே தொண்டையோட. எதிர் வக்கீலு மட்டும் உங்களை மாதிரியே நடிச்சுக் காட்டாம இருப்பாரா? முன்வரிசையில எனக்கும் ஒரு நாற்காலி போடச் சொல்லுங்க."

சுண்ணக்கட்டி காற்றிலேயே நின்றது. சுவரிலிருந்த திறந்த வாய்கள் அனைத்தும் அதைப் பார்த்துக்கொண்டிருந்தன. இறுதியில் வழக்கறிஞர் தாம் இட்ட எழுத்தைக் கட்டைவிரலால் அழித்துவிட்டு, இரண்டே சொற்கள் எழுதினார்.

'புகார் இல்லை.'

"யார் மேலயும்?" என்றார் அம்மையார்.

'யார் மேலும் இல்லை.'

இன்ஸ்பெக்டர் அதைப் படித்துவிட்டுத் தொப்பியை அணிந்துகொண்டார். அவர் போன வழியே அம்மையாரும் குடையை எடுத்துக்கொண்டு புறப்பட்டார். வாசலில் விழா மண்டபத்திலிருந்து வந்த வண்டி ஒலியெழுப்பிற்று.

"நான் போறேன்," என்றார் மனைவி. மேசைமீதிருந்த மடக்குக் கத்தியை எடுத்து, அலகைத் துடைத்து மடித்தார். "தம்பி முன்வரிசையில தனியா உட்கார்ந்திருப்பான். ஐயா ஏன் வரலைன்னு கேட்டா, மைக்கைக் குடுங்கன்னு கேட்டு நானே சொல்றேன். எல்லாத்தையும்."

வழக்கறிஞர் துள்ளி எழுந்தார். சிலேட்டை வாரியெடுத்து வேகவேகமாக எழுதத் தொடங்கினார். ஆணையோ, மிரட்டலோ, கெஞ்சலோ, அறியோம். ஏனெனில் அதற்குள் அக்கா நெருங்கி, சிலேட்டின் மறுமுனையைப் பிடித்திருந்தாள்.

"இது சமையலறைச் சிலேட்டு, ஐயா. சாமான் எழுதுறதுக்கு நான் வாங்கி வெச்சது. நாளையிலேர்ந்து நான் இங்கே இல்ல. இதுவும் இல்ல."

இழுத்தாள். வந்துவிட்டது.

அவர் வெறுங்கையுடன் நின்றார். மனைவி வாசற்படியைக் கடந்துகொண்டிருந்தார். அவரைத் தடுத்து நிறுத்த அந்தப் புகழ்பெற்ற வாய் திறந்தது. கழுத்து நரம்புகள் புடைத்தன.

"நா..." என்று காற்றுப் போன குரல் ஒன்று கரகரத்தது. "நா... நா..."

மனைவி நின்றார், திரும்பவில்லை. அச்சொல் முடியட்டும் என்று பொறுமையோடு காத்திருந்தார். அது முடியவில்லை. அவர் வண்டியில் ஏறிக் கதவைச் சாத்தினார்.

சிலேட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு அக்கா தம்பியோடு தெருவில் இறங்கியபோது, மண்டபத்துக்குச் செல்லும் வண்டி முனையைத் திரும்பி மறைந்தது. அப்போது மணி மாலை ஐந்து நாற்பத்திரண்டு.